இரட்டைச் சூரிய உலகத்துக்கு நாட்காட்டி அமைக்கும் முழு வழி

இரண்டு சூரியன் உதிக்கும் கற்பனை உலகங்களுக்குக் கதைகளிலும் கேம்களிலும் பஞ்சமே இல்லை. அங்கே வாழ்பவர்களின் நாட்காட்டியைப் புரட்டினால்தான் ஏமாற்றம். 12 மாதம், மாதத்துக்கு 30 நாள், வாரத்துக்கு ஏழு நாள். நம் வீட்டுச் சுவரில் தொங்கும் தினசரிக் காலண்டரே பெயர்களை மட்டும் மாற்றிக்கொண்டு அங்கே போய்த் தொங்குகிறது. இரண்டாவது சூரியன் ஒரு தேதியைக்கூட அசைப்பதில்லை.

நாட்காட்டி என்றாலே மிச்சக் கணக்கு. பூமியில் ஆண்டை நாளால் வகுத்தால் 365 போக 0.2422 நாள் மிச்சம். அந்த மிச்சத்தை யார், எப்போது, எப்படித் தீர்க்கிறார்கள் என்பதில்தான் ஒரு நாட்காட்டிக்கும் இன்னொன்றுக்கும் வேறுபாடு. பழைய ரோமில் மிகுமாதம் சேர்க்கும் பொறுப்பு பூசாரிகளிடம் இருந்தது. சேர்க்க வேண்டிய ஆண்டுகளில் அவர்கள் சேர்க்காமல் விட்டதால், கி.மு. 46-ஐ 445 நாள் ஆண்டாக நீட்டித்தான் சீசர் கணக்கை நேராக்கினார். அவர் கொண்டுவந்த ஜூலியன் முறையும் ஆண்டுக்குப் 11 நிமிடம் கூடுதலாக வைத்திருந்ததால், 1582-இல் அக்டோபர் 4-க்கு மறுநாள் 15 ஆயிற்று. இரட்டைச் சூரிய உலகத்தில் இப்படிப்பட்ட மிச்சம் ஒன்றுக்கு மேல் வரும். அவற்றைக் கண்டுபிடித்துவிட்டால் பண்டிகையும் பஞ்சாங்கச் சண்டையும் பின்னாலேயே வந்துவிடும்.

இங்கே ஒரே ஓர் உலகத்தை எடுத்துக்கொண்டு, நட்சத்திரங்களின் நிறையில் தொடங்கி நூறாம் ஆண்டுப் பிறப்பன்று வானில் நடப்பது வரை கணக்குப் போடுவோம். வர்க்கமூலம் தரும் ஒரு கால்குலேட்டர் போதும்.

முதல் படி: கோள் எதைச் சுற்றுகிறது?

இரண்டு வழிகள் உண்டு. இரண்டு நட்சத்திரங்களும் நடுவில் நெருக்கமாகச் சுற்றிக்கொண்டிருக்க, கோள் இரண்டையும் சேர்த்து வெளியே சுற்றலாம். 2011-இல் அறிவிக்கப்பட்ட கெப்ளர்-16பி அப்படிப்பட்டது. அதன் நட்சத்திரங்கள் 41 நாளில் ஒன்றையொன்று சுற்றுகின்றன. கோளுக்கு ஒரு சுற்று ஏறத்தாழ 229 நாள். அல்லது கோள் ஒரு நட்சத்திரத்தை மட்டும் சுற்ற, மற்றது வெகு தொலைவில் இருக்கலாம்.

எந்த வழியானாலும் பாதை நிலைக்க வேண்டும். இரண்டையும் சுற்றும் கோள், நட்சத்திரங்களின் இடைத்தூரத்தைப்போல் ஏறத்தாழ 2.4 மடங்குக்கு அப்பால் இருக்க வேண்டும். நட்சத்திரங்களின் பாதை நீள்வட்டமானால் இந்த எல்லை மூன்றரை மடங்கைத் தாண்டும். ஒன்றை மட்டும் சுற்றும் கோள், சம நிறையும் வட்டப் பாதையும் என்றால் இடைத்தூரத்தில் கால் பங்குக்குச் சற்று மேல் வரைதான் போகலாம். இதை மீறி வைத்த கோள் வெளியே வீசப்படும் அல்லது நட்சத்திரத்தில் போய் விழும். நாட்காட்டிக்கு வேலையே இருக்காது.

தொலைவு வகையை இங்கேயே முடித்துவிடலாம். ஆல்ஃபா சென்டாரியின் இரண்டு பெரிய நட்சத்திரங்கள் ஏறத்தாழ 80 ஆண்டுக்கு ஒரு முறை ஒன்றையொன்று சுற்றுகின்றன. இடைத்தூரம் பூமிக்கும் சூரியனுக்கும் உள்ள தூரத்தைப்போல் 11 மடங்கிலிருந்து 36 மடங்கு வரை மாறுகிறது. அதில் பெரியதைச் சுற்றும் ஒரு கோளிலிருந்து பார்த்தால் தூரத்து நட்சத்திரம் பருவத்தை மாற்றாது, இரவைத்தான் மாற்றும். நம் முழுநிலவைப்போல் 150 மடங்கிலிருந்து 1,600 மடங்கு வரை ஒளி வீசும். ஆண்டில் ஒரு பாதி அது பகல் வானில் இருக்கும், மறுபாதி இரவு வானில். கோளின் ஆண்டும் நம் ஆண்டளவே என்றால், இருட்டிரவுக் காலம் ஆண்டுக்குச் சராசரி 4.6 நாள் வீதம் நகர்ந்து, 80 ஆண்டில் எல்லாப் பருவத்தையும் சுற்றி வந்துவிடும். பிறந்தபோது அறுவடையில் வந்த இருட்டிரவை மறுபடி அறுவடையில் பார்ப்பவர் சதாபிஷேக வயதுக்காரராக இருப்பார். இந்த வகைக்கு ஆண்டுக் கணக்கோடு ஒரு 80 ஆண்டுச் சக்கரம் சேர்த்தால் வேலை முடிந்தது.

சிக்கலும் சுவையும் நெருக்க வகையில்தான். இனி அதுதான்.

இரண்டாம் படி: நிறையும் தூரமும்

நம் உலகத்துக்கு ஈரொளி என்று பெயர் வைப்போம். பெரிய நட்சத்திரம் அக்கை, நிறையும் ஒளியும் நம் சூரியன் அளவு. சிறியது தங்கை, நிறை 0.7, ஆரஞ்சு நிறம், ஒளி ஏறத்தாழ 0.2. இரண்டுக்கும் இடைத்தூரம் 0.2 வானியல் அலகு. ஒரு வானியல் அலகு என்பது பூமிக்கும் சூரியனுக்கும் உள்ள தூரம். மொத்த ஒளி 1.2, அதன் வர்க்கமூலம் 1.1. அந்தத் தூரத்தில் கோளை வைத்தால் பூமியளவு வெப்பம் கிடைக்கும். இடைத்தூரத்தைப்போல் ஐந்தரை மடங்கு என்பதால் பாதையும் நிலைக்கும்.

ஆண்டைக் கண்டுபிடிக்கக் கெப்ளரின் மூன்றாம் விதி போதும்: தூரத்தின் மும்மடிப் பெருக்கத்தை மொத்த நிறையால் வகுத்து வர்க்கமூலம் எடுத்தால் பூமி ஆண்டுகளில் விடை வரும். 1.1-இன் மும்மடி 1.331. அதை 1.7-ஆல் வகுத்து மூலம் எடுத்தால் 0.88484, 365.25-ஆல் பெருக்கினால் 323.188 பூமி நாள். அதே சூத்திரத்தில் 0.2-ஐப் போட்டால் நட்சத்திரங்களின் சுற்று 25.0559 நாள்.

பலர் சறுக்கும் இடம் நிறை. கோள் சுற்றுவது இரண்டு நட்சத்திரங்களையும் என்பதை மறந்து அக்கையின் நிறையை மட்டும் போட்டால் ஆண்டு 421 நாள் ஆகிவிடும். 98 நாள் பிழை.

அடுத்த சறுக்கல் இதைவிட நுட்பமானது. நட்சத்திரங்களின் சுற்று 25.0559 நாள் என்றாலும் ஈரொளியில் நிற்பவர் அதைப் பார்க்கமாட்டார். அவர் நிற்கும் கோளும் நகர்கிறதே. நம் நிலவு 27.32 நாளில் பூமியைச் சுற்றினாலும் அமாவாசைக்கு அமாவாசை 29.53 நாள் ஆவதும் இதனால்தான். 1 ÷ 25.0559-இலிருந்து 1 ÷ 323.188-ஐக் கழித்து, வந்ததைத் தலைகீழாக்கினால் 27.1617 நாள். தங்கை அக்கைக்கு நேர் முன்னால் வருவதிலிருந்து அடுத்த முறை வருவது வரை உள்ள இடைவெளி இதுதான். கோள் எதிர்த்திசையில் சுற்றினால் கழிப்பதற்குப் பதில் கூட்ட வேண்டும்; அப்போது 23.25 நாள்.

மூன்றாம் படி: உள்ளூர் நாளுக்கு மாற்றுவது

ஈரொளியின் ஒரு நாள் 26 மணி நேரம் என்று வைப்போம். 24-ஆல் பெருக்கி 26-ஆல் வகுத்தால் ஆண்டு 298.327 நாள், வானத்து மாதம் 25.072 நாள். இந்த இரண்டு எண்களையும் ஒரு தாளில் பெரிதாக எழுதி மேசைமேல் ஒட்டிவையுங்கள். இனி நட்சத்திர நிறைகள் தேவைப்படாது.

மூன்று தசம இடத்தையும் விடாதீர்கள். 298.33, 25.07 என்று சுருக்கினால் பத்து ஆண்டும் 119 மாதமும் 0.03 நாள் வித்தியாசத்தில் பொருந்துவதுபோல் தெரியும். மூன்று இடத்தோடு போட்டால் வித்தியாசம் 0.3 நாள். பத்து மடங்கு! ஒரு தலைமுறையில் ஒரு நாள் தப்பும் நாட்காட்டி, முந்நூறு ஆண்டு தப்பாத நாட்காட்டியாக வேஷம் போட்டுவிடும்.

நான்காம் படி: வானத்தைப் பாருங்கள்

எண் கிடைத்ததும் மாதப் பெயர் சூட்ட ஓடக் கூடாது. அந்த ஊர் விவசாயி நிமிர்ந்து பார்த்தால் என்ன தெரியும் என்பதை முதலில் தீர்மானியுங்கள்.

அக்கையும் தங்கையும் விலகும் அதிகபட்சக் கோணம் 10 டிகிரி சொச்சம். கையை நீட்டி முஷ்டியைப் பிடித்தால் அதன் அகலம். நேரத்தில் சொன்னால் இரண்டின் உதயத்துக்கும் இடையே அதிகபட்சம் 45 நிமிடம். "ஒரு சூரியன் மறைய மற்றது உதிக்கும், இரவே கிடையாது" என்று நெருக்க வகை உலகத்துக்கு எழுதினால் தவறு. இரண்டும் கைகோத்துத்தான் நடக்கும்.

பாதைகள் ஒரே தளத்தில் இருந்தால் மாதத்துக்கு ஒரு முறை தங்கை அக்கையை மறைக்கும். அந்த நேரத்தில் தங்கை நமக்கு அருகிலும் அக்கை தொலைவிலும் இருப்பதால், தங்கையின் வட்டம் 0.38 டிகிரி, அக்கையினுடையது 0.45 டிகிரி. முழுதாக மூட முடியாது. ஆரஞ்சுத் தட்டைச் சுற்றி வெள்ளை வளையம் நிற்கும். கங்கண கிரகணம். தொட்டதிலிருந்து விட்டது வரை ஏறத்தாழ எட்டு மணி நேரம், வளையம் முழுதாகத் தெரிவது 40 நிமிடம். இதை வளையம் என்போம். அரை மாதம் கழித்துத் தங்கை அக்கைக்குப் பின்னால் போய் ஒளிந்துகொள்ளும், அது மறைவு.

வளையத்தின்போது நட்டநடுப் பகலில் நட்சத்திரம் தெரிந்தது என்று எழுதிவிட வேண்டாம். ஒளி பாதிக்கு மேல் குறையும், ஆனாலும் 45 சதவீதம் மிஞ்சும். கண்ணுக்கு அது பகல்தான். மாறுவது நிறம். வழக்கமாக ஒளியில் ஏறத்தாழ கால் பங்குக்கும் குறைவாக இருக்கும் தங்கையின் ஆரஞ்சு, அப்போது பாதியாகிவிடும். சுவர், முகம், சோறு எல்லாம் மஞ்சள் குளித்ததுபோல் மாறும்.

தளங்களுக்கு இடையே சாய்வு 2 டிகிரிக்குச் சற்று மேல் போனாலே மாதந்தோறும் கிரகணம் வராது. ஆண்டில் இரண்டு கிரகணப் பருவங்களில் மட்டும் வரும். நாட்காட்டிக்கு மாதக் குறி வேண்டுமென்றால் சாய்வை 1 டிகிரிக்குள் வையுங்கள்.

வெப்பமும் ஆடும். மறைவின்போது அக்கை நமக்கு அருகில் வருகிறது, வளையத்தின்போது தள்ளிப் போகிறது. கிரகண நேரத்தை ஒதுக்கிவிட்டால், கோளுக்கு வந்துசேரும் ஒளி பூமி பெறுவதைப்போல் 1.10 மடங்குக்கும் 0.92 மடங்குக்கும் இடையே ஊசலாடும். பூமிக்கு ஆண்டு முழுவதிலும் வரும் இதே வகை ஏற்ற இறக்கம் ஏறத்தாழ 7 சதவீதம்தான். இங்கே 17 சதவீதத்துக்கும் மேல், அதுவும் 25 நாளுக்குள். கடலும் காற்றும் இதைப் பெருமளவு மட்டுப்படுத்தும். ஆனாலும் உப்பளம், கருவாடு, செங்கல் சூளை மாதிரி வெயிலை நம்பிய தொழில்களெல்லாம் மறைவை ஒட்டித்தான் நடக்கும்.

நிழற்கடிகாரம் வைத்தவர் பாடு திண்டாட்டம். அக்கையின் உச்சிவேளை மாதத்துக்குள் 18 நிமிடம் முன்னும் பின்னும் அலையும், தங்கையினுடையது 26 நிமிடம். ஒரு குச்சிக்கு இரண்டு நிழல் வேறு. மணிக்கணக்குக்கு ஈரொளி மக்கள் நாழிகை வட்டில் போன்ற நீர்க்கடிகாரத்தைத்தான் நம்புவார்கள்.

ஐந்தாம் படி: எதை மாதம் என்பது?

மூன்று வழிகள் இருக்கின்றன.

வளையத்திலிருந்து வளையம் வரை ஒரு மாதம் என்பது முதல் வழி. 25 நாள். வளையம், ஒரு பக்க விரிவு, மறைவு, மறுபக்க விரிவு என்று வானமே மாதத்தை நான்காகப் பிரித்துத் தருகிறது. ஆகவே ஆறு நாள் வாரம் நான்கு, அதோடு எந்த வாரத்திலும் சேராத வளைய நாள் ஒன்று. ஏழு நாள் வாரத்தை இங்கே திணித்தால் எதோடும் ஒட்டாது.

மிச்சம் 0.072 நாள், அதாவது ஏறத்தாழ 1.9 மணி. இந்த மாதம் காலையில் வந்த வளையம் அடுத்த மாதம் 1.9 மணி பிந்தி வரும். இப்படிப் பிந்திப் பிந்தி ஏறத்தாழ 14 மாதத்தில் நாள் முழுவதையும் சுற்றிவிடும். அதில் பாதி மாதங்களில் வளையத்தின் உச்சம் இரவில் நிகழும். உங்கள் ஊரில் யாரும் பார்க்க முடியாது. வளையம் ஒரு நாளின் கடைசியைத் தாண்டி அடுத்த நாளுக்குள் நழுவும் அந்த மாதத்துக்கு 26 நாள் கொடுங்கள். 14 மாதத்துக்கு ஒன்று என்று கண்ணை மூடிக்கொண்டு சேர்த்தால் 147 ஆண்டில் ஒரு நாள் தப்பும். 125 மாதத்துக்கு 9 மிகுநாள் என்று வைத்தால் நம் 25.072-க்கு அப்படியே பொருந்தும்.

பருவ ஆண்டைப் பன்னிரண்டாகப் பிரிப்பது இரண்டாம் வழி. 25 நாள் மாதம் பத்து, 24 நாள் மாதம் இரண்டு, கூட்டினால் 298. குறுமாதங்களை எங்கே வைப்பது? கோளின் பாதை வட்டமானால் எங்கே வேண்டுமானாலும். நீள்வட்டமானால் கோள் வேகமாக ஓடும் இடத்தில். தமிழ் மாதங்களில் ஆனியும் ஆடியும் 31, 32 நாளாக நீள்வதும் மார்கழி 29, 30-இல் முடிவதும் இதே காரணத்தால்தான். ஜனவரி தொடக்கத்தில் பூமி சூரியனுக்கு அருகில் வேகமாகப் போகிறது.

மூன்றாம் வழி இரண்டையும் சேர்த்தே ஓட்டுவது. எங்கள் ஓட்டு இதற்குத்தான். வளையத்துக்கு வளையம் 25.07 நாள், பருவ மாதத்தின் சராசரி 24.86. வளைய மாதம் சற்று நீளம் என்பதால் பத்து ஆண்டில் வரும் 120 பருவ மாதங்களுக்கு 119 வளையங்கள்தான் கிடைக்கும். எனவே ஏறத்தாழ பத்து ஆண்டுக்கு ஒரு முறை, வளையமே விழாத மாதம் ஒன்று வரும். ஒரே மாதத்தில் இரண்டு அமாவாசை வந்தால் மலமாதம் என்று நம்மூரில் சுபகாரியத்தைத் தள்ளிவைக்கிறார்கள். வளையமில்லா மாதத்தில் ஈரொளிக்காரர்கள் என்ன செய்வார்கள்? கல்யாணத்தை நிறுத்துவார்களா, கடனைத் தள்ளுபடி செய்வார்களா என்பது உங்கள் விருப்பம். அது எந்த ஆண்டு, எந்த மாதம் என்பது மட்டும் உங்கள் விருப்பமில்லை, கணக்கு சொல்லிவிடும்.

ஆறாம் படி: மிச்சத்தைத் தீர்ப்பது

பருவ ஆண்டின் மிச்சம் 0.327. மூன்றில் ஒரு பங்குக்கு மிக அருகில். மூன்று ஆண்டுக்கு ஒரு மிகுநாள் சேர்த்தால் 158 ஆண்டில் ஒரு நாள் தப்பும். இதைவிட நல்ல பின்னம் வேண்டுமென்றால் 1-ஐ 0.327-ஆல் வகுங்கள்: 3.058. அந்த 0.058-ஐ மறுபடி தலைகீழாக்கினால் ஏறத்தாழ 17. ஆக, மூன்றாண்டுக் கூட்டம் 17 முடிந்தபின் மிகுநாள் இல்லாத தனியாண்டு ஒன்று சேர வேண்டும். 52 ஆண்டில் 17 மிகுநாள். பிழை ஒரு நாளாகச் சேர ஏறத்தாழ 13,000 ஆண்டு பிடிக்கும்.

மாயா மக்களின் 365 நாள் சக்கரமும் 260 நாள் சக்கரமும் மறுபடி ஒன்றுசேர்வது 18,980 நாளில், அதாவது அந்த 365 நாள் ஆண்டில் 52. எண் ஒத்துப்போவது தற்செயல். ஆனால் இரண்டு சக்கரங்கள் ஒன்றுசேரும் நாளை மக்கள் எவ்வளவு பெரிதாகக் கொண்டாடுவார்கள் என்பதற்கு அது நல்ல முன்மாதிரி. தனியாண்டைச் சும்மா விடாதீர்கள்.

வளைய மாதத்தை மட்டும் வைத்து ஆண்டை ஓட்ட விரும்பினால் சரிசெய்தல் வேறு மாதிரி. 12 வளைய மாதம் 300.864 நாள், பருவ ஆண்டைவிட 2.537 நாள் அதிகம். ஒன்பது ஆண்டு போனால் புத்தாண்டு 22.8 நாள் பிந்திவிடும். பத்தாம் ஆண்டுக்கு 11 மாதம் மட்டும் கொடுத்தால் 22.5 நாள் முன்னால் இழுக்கும். கிரேக்கர்களின் மெட்டான் சக்கரத்தில் 19 ஆண்டுக்கு 235 மாதம், அதில் மாதத்தைச் சேர்ப்பார்கள். இங்கே சேர்ப்பதற்குப் பதில் பறிக்கிறோம். இந்தத் தலைகீழை மாற்ற வேண்டாம். ஒரு மாதத்தைப் பறிகொடுக்கும் ஆண்டில் மாதச் சம்பளக்காரருக்கும் மாத வட்டிக்காரருக்கும் என்ன தகராறு வரும் என்று யோசித்துப் பாருங்கள்.

குறையாண்டை எங்கே வைப்பது என்பதையும் கவனியுங்கள். புத்தாண்டு சரியான பருவ நாளில் தொடங்கி 23 நாள் வரை பிந்துவதைவிட, 11 நாள் முந்தியதிலிருந்து 12 நாள் பிந்தியது வரை ஆடுமாறு தொடக்கத்தை நகர்த்திவைத்தால் விதைப்புத் தேதி பெரிதாகக் கெடாது. இதற்குப் பிறகும் பத்து ஆண்டுக்கு 0.298 நாள் மிஞ்சும். 840 ஆண்டில் அது ஒரு முழு மாதம். அப்போது ஓர் அரசர் கூடுதலாக ஒரு மாதத்தைப் பறித்தே ஆக வேண்டும். 1582 மாதிரி ஒரு கலவரத்துக்கு இடம் அங்கே இருக்கிறது.

ஏழாம் படி: எப்போது தொடங்குகிறது, யார் சொல்வது?

சூரிய உதயம், அஸ்தமனம், நள்ளிரவு என்று நாளை எங்கிருந்தும் தொடங்கலாம். வானியலாளர்கள் 1925 வரை நண்பகலிலிருந்து எண்ணினார்கள். ஈரொளியில் உதயம் என்றால் கூடவே "யாருடைய உதயம்?" என்ற கேள்வி வரும். வளையத்துக்குப் பின் அரை மாதம் தங்கை முந்தி உதிக்கும். மறைவுக்குப் பின் அரை மாதம் அக்கை முந்தி உதிக்கும், தங்கை கடைசியாக மறையும். அக்கையின் உதயம் என்று வைத்துக்கொள்வது எளிது.

மாதப் பிறப்புக்கு விதி வேண்டும். சங்கராந்தி சூரிய அஸ்தமனத்துக்கு முன் நேர்ந்தால் அன்றே மாதப் பிறப்பு, பின் நேர்ந்தால் மறுநாள் என்பது தமிழ்நாட்டு வழக்கம். கேரளத்தில் எல்லை உதயத்திலிருந்து 18 நாழிகை. ஒடிசாவில் எப்போது நேர்ந்தாலும் அன்றே. ஒரே வானம், ஒரே கணக்கு, ஆனாலும் மாநிலத்துக்கு மாநிலம் ஒரு நாள் மாறும். வளையத்துக்கும் இப்படி இரண்டு நாட்டுக்கு இரண்டு விதி வையுங்கள். அஸ்தமனத்தை எல்லையாக வைத்தால் எந்தச் சூரியனின் அஸ்தமனம் என்று சண்டை வருமே என்று தோன்றலாம். வராது. வளையத்தின்போது இரண்டும் ஒரே இடத்தில் இருப்பதால் சேர்ந்தேதான் மறையும்.

சண்டை ஆண்டுப் பிறப்பில் வரும். சம இரவு நாளில் ஆண்டு பிறக்கிறது என்று வைத்தால், பூமத்திய ரேகையைக் கடப்பது எந்தச் சூரியன்? இரண்டும் பொது மையத்தைச் சுற்றி ஆடுவதால் அக்கை சராசரிக்கு மூன்றரை நாள் முன்போ பின்போ கடக்கலாம். தங்கை ஐந்து நாள் வரை முன்பின். அதோடு வளையத்தை ஒட்டிய நாட்களில் தங்கை நட்சத்திரப் பின்னணியில் பின்னோக்கி நகரும், பஞ்சாங்க மொழியில் வக்கிரம். அந்த நேரத்தில் சம இரவும் வந்தால் தங்கை ரேகையை மூன்று முறை கடக்கக்கூடும்! இரண்டுக்கும் நடுவே உள்ள, கண்ணுக்குத் தெரியாத மையத்தை வைத்துக் கணக்கிட்டால்தான் ஆண்டு சீராகும். அதற்குப் பல ஆண்டு அவதானிப்பும் கணிதமும் வேண்டும். அக்கையைக் கண்ணால் பார்த்துச் சொல்பவர்களும் மையத்தைக் கணக்குப் போட்டுச் சொல்பவர்களும் வெவ்வேறு புத்தாண்டு கொண்டாடுவார்கள். வாக்கியமும் திருக்கணிதமும் சனிப்பெயர்ச்சித் தேதியில் முரண்படுவதைப் பார்த்தவர்களுக்கு இது புதிதாக இருக்காது.

பெயர்கள்

இதில் அதிக நேரம் செலவழிக்க வேண்டாம். அடுத்தடுத்த வளையங்கள் வானில் ஏறத்தாழ 30 டிகிரி தள்ளித் தள்ளி விழும், ஆகவே 12 நட்சத்திரக் கூட்டங்கள் போதும். வளையம் பகல் ஒளியில் நிகழ்வதால் அது எந்தக் கூட்டத்தில் இருக்கிறது என்று நேரில் தெரியாது. அன்றைய நள்ளிரவில் உச்சியை ஒட்டி நிற்கும் கூட்டத்தின் பெயரை மாதத்துக்கு வைப்பார்கள். பௌர்ணமி நிலவு நிற்கும் நட்சத்திரத்தால் சித்திரை, கார்த்திகை என்று மாதம் பெயர் பெற்றதுபோல. எல்லாப் பெயரும் வானத்திலிருந்தே வந்தால் செயற்கையாக இருக்கும். இரண்டு மூன்று மாதமாவது அறுவடை, மழை, செத்துப்போன அரசர் என்று வேறெங்கிருந்தாவது வரட்டும்.

கடைசிப் படி: ஓடவிட்டுப் பார்ப்பது

மாதம், ஆண்டு எதையும் பாராமல் முதல் நாளிலிருந்து தொடர்ந்து எண்ணும் நாளெண் ஒன்று வைத்துக்கொள்ளுங்கள். பூமியில் இந்த வேலைக்குக் கி.மு. 4713-இலிருந்து எண்ணும் ஜூலியன் நாளெண் இருக்கிறது. கதையில் யாரும் அதைப் பயன்படுத்த வேண்டாம். உங்கள் ஸ்ப்ரெட்ஷீட்டில் மட்டும் இருந்தால் போதும். இது இல்லாமல் இரண்டு நாட்காட்டியை ஒப்பிட முயன்றால் மூன்றாம் அத்தியாயத்திலேயே தேதி உதைக்கும்.

முதலாம் ஆண்டு முதல் நாள் அக்கை உதிக்கும்போது வளையத்தின் உச்சம் நிகழ்ந்தது, நாளெண் 0 என்று வைப்போம். நூறாம் ஆண்டுப் பிறப்புக்கு முன் கழிந்தவை 99 ஆண்டுகள். 99-ஐ 298-ஆல் பெருக்கினால் 29,502. மிகுநாள்: 99-இல் ஒரு 52 ஆண்டுச் சக்கரம், அதற்கு 17. மீதி 47 ஆண்டில் மூன்றுக்கு ஒன்றாக 15. மொத்தம் 32. ஆக நாளெண் 29,534. சரிபார்க்க 99-ஐ 298.327-ஆல் பெருக்குங்கள்: 29,534.37. வித்தியாசம் ஒரு நாளுக்குள். ஒரு நாளுக்கு மேல் வந்தால் மிகுநாள் விதியில் எங்கோ பிசகு. பெரும்பாலும் நடப்பு ஆண்டையும் சேர்த்து எண்ணியிருப்பீர்கள்.

அன்றைக்கு வளையம் உண்டா? 25.072-ஐ 1,178-ஆல் பெருக்கினால் 29,534.816. உண்டு! நூறாம் ஆண்டின் முதல் நாளிலேயே வளையம் விழுகிறது. ஆனால் அந்த 0.816 நாளை மணியாக்கிப் பாருங்கள்: உதயத்திலிருந்து 21.2 மணி நேரம். பகல் 13 மணியோடு முடிந்துவிட்டது. உச்சத்துக்கு நான்கு மணி முன் தொடங்கி நான்கு மணி பின் முடியும் கிரகணம் என்பதால், தங்கை அக்கையை முழுவதுமாக விட்டு விலகுவது 25.2-ஆவது மணியில், அடுத்த உதயம் 26-இல். தலைநகரத்தில் விடிய விடியக் காத்திருப்பவர்கள் முக்கால் மணி நேரத்தில் தவறவிடுவார்கள். அதே நேரம் பகலாக இருக்கும் கோளின் மறுபக்கத்தில் 40 நிமிட வளையத்தை ஊரே பார்த்துக்கொண்டிருக்கும்.